தீர்ப்பில் விழுந்த எழுத்துப் பிழையைத் திருத்தித் தரும் நீதிமன்ற சேவை: முன்சிஃப் கோர்ட் முதல் உச்ச நீதிமன்றம் வரை ஒரு மதிப்பீடு

நீதிமன்றங்கள் தரும் சேவைகளில் அதிகம் பேசப்படாத ஒன்று, தங்கள் தீர்ப்பில் விழுந்த பிழையைத் தாங்களே திருத்தித் தருவது. வழக்கு முடிந்து சான்றிட்ட நகல் கைக்கு வரும்போதுதான் கண்ணில் படும்: சர்வே எண்ணில் இலக்கம் இடம் மாறியிருக்கும், அப்பா பெயர் இருக்க வேண்டிய இடத்தில் தாத்தா பெயர் இருக்கும், இழப்பீட்டின் கூட்டல் தப்பியிருக்கும். வழக்கில் ஜெயித்தவர் அந்த ஓர் எழுத்துக்காகத் தாலுகா அலுவலகத்திலும் வங்கியிலும் சிறை வாசலிலும் நிற்பார். இதற்கு மேல்முறையீடு போகத் தேவையில்லை. தீர்ப்பு சொன்ன நீதிமன்றத்திடமே கேட்டு வாங்கலாம்.

மதிப்பீட்டை முதலிலேயே சொல்லிவிடலாம். சட்டம் மிகத் தாராளமாக எழுதப்பட்டிருக்கிறது. செலவு குறைவு. ஆனால் வேகம் நீதிமன்றத்துக்கு நீதிமன்றம் மாறுகிறது. மனு எழுதும் விதத்தில் கோட்டைவிட்டால், அரை மணி நேரத்தில் முடிய வேண்டியது மாதக்கணக்கில் இழுக்கும். இன்னொரு பெரிய குறை, திருத்த மனு நிலுவையில் இருப்பதால் மேல்முறையீட்டுக் கெடு நிற்பதில்லை. இது தெரியாமல் மாட்டிக்கொள்கிறவர்கள் ஏராளம்.

சிவில் வழக்குகளுக்கு அடிப்படை, 1908-ஆம் ஆண்டு சிவில் நடைமுறைச் சட்டத்தின் 152-ஆவது பிரிவு. தீர்ப்புரை (நீதிபதி காரணங்களோடு சொல்வது), தீர்ப்பாணை (அதைப் பார்த்து அலுவலகம் வரைவது), உத்தரவு ஆகியவற்றில் உள்ள எழுத்துப் பிழை, கணக்குப் பிழை, தற்செயலாக நேர்ந்த வழு, விடுபடல் ஆகியவற்றை நீதிமன்றம் எந்த நேரத்திலும், தானாகவோ தரப்பினர் கேட்டோ, திருத்தலாம் என்கிறது. ‘எந்த நேரத்திலும்’ என்ற சொல் பெரிய வசதி. தீர்ப்பு சொன்ன நீதிமன்றமே தன் முடிவை மறுபடி பார்க்கக் கேட்கும் சீராய்வு மனுவுக்கு 30 நாள்தான் கெடு. இதற்குக் கெடுவே இல்லை. இன்னொரு வசதியும் உண்டு: இந்த அதிகாரம் நீதிமன்றத்துக்கு உரியது, நீதிபதி என்ற தனிமனிதருக்கு உரியது அல்ல. தீர்ப்பு எழுதியவர் மாற்றலாகிப் போயிருந்தாலும் அந்த இருக்கைக்கு வந்தவர் திருத்தித் தரலாம். ‘அந்த ஐயா வரட்டும்’ என்று காத்திருக்க வேண்டிய அவசியம் கிடையாது.

கெடு இல்லை என்பதற்காகப் பத்து வருடம் சும்மா இருந்துவிடவும் கூடாது. இடையில் சொத்து கைமாறி, மூன்றாம் நபருக்கு உரிமை வந்துவிட்டால், நீதிமன்றம் கை வைக்கத் தயங்கும்.

எது பிழை, எது பிழை இல்லை

மனுக்கள் தள்ளுபடி ஆவது பெரும்பாலும் இந்த இடத்தில்தான். மனு எழுதும் முன் ஒரே ஒரு கேள்வி கேட்டுப் பார்த்தால் போதும்: நீதிபதி அன்றைக்கு எழுத நினைத்தது இதுதான் என்பது கோப்பில் உள்ள காகிதங்களை வைத்தே தெரிகிறதா? தெரிந்தால் 152. அதைக் காட்ட வாதம் செய்ய வேண்டியிருந்தால், அது வேறு கதவு.

நிலத்தின் பரப்பைப் பாருங்கள். பட்டாவில் 0.08.50 ஹெக்டேர் என்று இருக்கும். அதாவது எட்டரை ஏர், சுமார் 21 செண்ட். தட்டச்சில் அது 0.85.0 என்று விழுந்தால் 2 ஏக்கர் 10 செண்ட் ஆகிவிடும்; ஒரு புள்ளி நகர்ந்ததில் பத்து மடங்கு. வழக்குரையிலும் பட்டாவிலும் 21 செண்ட் என்று இருந்து, தீர்ப்பாணையின் சொத்து விவரத்தில் மட்டும் மாறியிருந்தால், எதிர்த்தரப்பு வாய் திறக்க இடமே இல்லை. அந்த இரண்டு காகிதங்களையும் மனுவோடு வைத்தால் முடிந்தது.

வாகன விபத்து இழப்பீட்டில் இன்னும் நுணுக்கமாகப் பார்க்க வேண்டும். இறந்தவருக்கு வயது 38, சுயதொழில், மாத வருமானம் 15,000 ரூபாய், நம்பியிருப்போர் நான்கு பேர் என்று தீர்ப்பாயம் முடிவு செய்திருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். எதிர்கால வருமானத்துக்கு 40 சதவீதம் சேர்த்தால் 21,000. சொந்தச் செலவுக்கு நான்கில் ஒரு பங்கு கழித்தால் 15,750. பன்னிரண்டால் பெருக்கினால் ஆண்டுக்கு 1,89,000. அந்த வயதுக்குரிய பெருக்கு எண் 15. மொத்தம் 28,35,000 ரூபாய். தீர்ப்பில் இந்தப் படிகள் எல்லாம் சரியாக இருந்து, கடைசியில் 23,85,000 என்று இருந்தால் அது கணக்குப் பிழை. நாலரை லட்சம் ரூபாய் ஒரு திருத்த மனுவில் திரும்பி வரும். பத்தியில் ‘பெருக்கு எண் 15’ என்று சொல்லிவிட்டு, அட்டவணையில் 14-ஆல் பெருக்கியிருந்தாலும் தற்செயல் வழு என்று காட்டலாம். தீர்ப்பு முழுக்க 14 என்றே எடுத்துக்கொண்டு கணக்குப் போட்டிருந்தால் நிலைமை வேறு. அது சட்டத்தைப் பிரயோகித்ததில் வந்த தவறு. மேல்முறையீட்டிலோ சீராய்விலோதான் கேட்க வேண்டும். மூன்று நிலைமையிலும் நஷ்டப்படுகிறவருக்கு வலி ஒன்றுதான் என்றாலும், போக வேண்டிய இடம் வேறு.

வட்டியில்தான் அதிகம் பேர் ஏமாறுகிறார்கள். தீர்ப்புரையில் ‘மனுத் தாக்கல் செய்த தேதி முதல்’ என்று இருந்து, தீர்ப்பாணையில் ‘தீர்ப்புத் தேதி முதல்’ என்று இறங்கியிருந்தால் தைரியமாக 152-இல் போகலாம். தீர்ப்புரையே வட்டியைப் பற்றிப் பேசவில்லை என்றால் மறந்துவிட்டார்கள் என்று சொல்லி உள்ளே நுழைக்க முடியாது. மத்தியப் பிரதேச அரசு தரப்பாக இருந்த ஓர் ஒப்பந்த வழக்கில், வழக்கு நடந்த காலத்துக்கான வட்டியை 152-ஆவது பிரிவின் கீழ் பின்னால் சேர்த்துக் கொடுத்ததை 1999-இல் உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. தீர்ப்புக்குப் பிந்தைய வட்டிக்கு 34-ஆவது பிரிவே கதவை அடைத்துவிடுகிறது: தீர்ப்பாணை அதைப் பற்றி மௌனமாக இருந்தால், மறுத்துவிட்டதாகவே கொள்ள வேண்டும். 2001-இல் ஒரு விவாகரத்து வழக்கிலும் இதே நிலைப்பாடுதான். கணவன் மனைவிக்குள் வீட்டைப் பற்றி இருந்த உடன்பாடு தீர்ப்பாணையில் இடம்பெறவில்லை. பின்னால் குடும்ப நீதிமன்றம் திருத்தமாக அதைச் சேர்த்தது. உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. புதிதாக ஓர் உரிமையையோ கடமையையோ கொண்டுவரும் எதுவும் திருத்தம் ஆகாது.

வாரிசுச் சான்றிதழில் இந்தக் கோடு இன்னும் தெளிவாகத் தெரியும். இந்திய வாரிசுரிமைச் சட்டத்தின் கீழ் நீதிமன்றம் கொடுக்கும் சான்றிதழில் வைப்புக் கணக்கு எண்ணின் ஓர் இலக்கம் தவறியிருந்தால் திருத்த மனு. ஒரு வைப்புத்தொகையே பட்டியலில் விட்டுப்போயிருந்தால், அதே சட்டத்தின் 376-ஆவது பிரிவில் சான்றிதழை நீட்டிக்கக் கேட்க வேண்டும். இரண்டையும் ஒரே மனுவில் குழப்பிப் போட்டால் திரும்பி வரும்.

பிழை நீதிமன்றத்தின் கையில் விழாமல் நம் வழக்குரையிலேயே தொடங்கியிருந்தால்? உதாரணமாக, நாமே சர்வே எண்ணைத் தப்பாகக் கொடுத்து, அது அப்படியே தீர்ப்பாணையில் இறங்கியிருக்கிறது. இதற்கும் வழி உண்டு. வழக்குரையையும் தீர்ப்பாணையையும் சேர்த்தே திருத்தும்படி 151, 152, 153 பிரிவுகளைக் காட்டி மனுப் போட வேண்டும். வழக்கில் யாருக்கும் எந்தச் சொத்து என்பதில் குழப்பம் இருந்ததில்லை, நான்கு எல்லைகளும் பொருந்துகின்றன, எண் மட்டும்தான் தவறு என்று காட்டினால் நீதிமன்றங்கள் அனுமதிக்கின்றன. நான்கெல்லையும் மாறி சர்வே எண்ணும் மாறினால் அது வேறு சொத்து, திருத்தத்துக்கு இடமில்லை. மனு அனுமதிக்கப்பட்டால், உத்தரவில் கெடு சொல்லாதபோது 14 நாளுக்குள் வழக்குரையில் திருத்தத்தைச் செய்தாக வேண்டும். விட்டுவிட்டால் கூடுதல் அவகாசம் கேட்டு இன்னொரு மனு.

கீழமை நீதிமன்றத்தில் நடைமுறை

முதல் வேலை நகல் எடுப்பது. தீர்ப்புரைக்கும் தீர்ப்பாணைக்கும் தனித்தனியாகச் சான்றிட்ட நகல் கேட்டு வாங்க வேண்டும். பலர் ஒன்றை மட்டும் வாங்கிக்கொண்டு போய்விடுகிறார்கள். தீர்ப்புரை நீதிபதி சொல்வது. தீர்ப்பாணை அதைப் பார்த்து அலுவலகத்தில் தயாராவது. தீர்ப்பு சொன்ன 15 நாளுக்குள் அதை வரைந்துவிட வேண்டும் என்கிறது சிவில் நடைமுறைச் சட்டத்தின் 20-ஆவது கட்டளை. அது தீர்ப்புரையோடு ஒத்திருக்க வேண்டும் என்பதும் அதே கட்டளையில் உண்டு. தீர்ப்புரை சரியாக இருந்து தீர்ப்பாணை மட்டும் பிசகியிருந்தால், மனுவிலேயே மிக எளிதான ரகம் அதுதான்.

ஒப்பிட்டுப் பார்க்க வேண்டிய இடங்கள்: தரப்பினர் பெயர், தகப்பனார் பெயர், இனிஷியல், வயது, கதவு எண்; வழக்கு எண், தீர்ப்புத் தேதி; சொத்து விவரத்தில் கிராமம், சர்வே எண், உட்பிரிவு, பரப்பு, நான்கெல்லை; பத்திர எண், பதிவு ஆண்டு; சான்றாவணப் பட்டியலின் வரிசை; தொகை எண்ணிலும் எழுத்திலும்; கடைசிப் பத்தியில் எந்தப் பிரதிவாதிக்கு எதிராக என்ற எண். இந்தக் கடைசி விஷயத்தில் கூடுதல் கவனம் வேண்டும். நடுவில் ஒரு பிரதிவாதி இறந்து, அவருடைய வாரிசுகள் 4 முதல் 7 வரை சேர்க்கப்பட்ட வழக்குகளில், ‘1 முதல் 3 பிரதிவாதிகள்’ என்றே தீர்ப்பாணை நின்றுவிடும். செலவுப் பட்டியலையும் விட்டுவிடாதீர்கள். கட்டிய கோர்ட் ஃபீயைக் குறைத்துப் போட்டிருந்தால் அந்தப் பணமும் நம்முடையதுதான்.

மனு, முடிந்த வழக்கின் எண்ணிலேயே இடைநிலை மனுவாகப் போகும். இங்கே ஒரு பொறி இருக்கிறது. தீர்ப்பாணையை அமல்படுத்தக் கேட்கும் நிறைவேற்று மனு நடந்துகொண்டிருக்கும்போது பிழை தெரியவந்தால், பலர் அதற்குள்ளேயே ஒரு மனுப் போடுகிறார்கள். நிறைவேற்றும் நீதிமன்றம் தீர்ப்பாணைக்குப் பின்னால் போய்ப் பார்க்கக் கூடாது என்பது பழைய விதி. இரண்டும் ஒரே கட்டடத்தில், ஒரே நீதிபதியிடம் இருந்தாலும், மூல வழக்கின் எண்ணில் தனி மனுதான் போட வேண்டும். அதுவரை நிறைவேற்று மனுவுக்கு வாய்தா கேட்டுக்கொள்ளலாம். தப்பான சர்வே எண்ணோடு அமீனாவை (தீர்ப்பாணையை நேரில் போய் நிறைவேற்றும் நீதிமன்ற ஊழியரை) அனுப்பிப் பயனில்லை. அவர் போய்ப் பார்த்துவிட்டு ‘சொத்து அடையாளம் காண முடியவில்லை’ என்று அறிக்கை போட்டுவிடுவார்.

பிரமாணப் பத்திரம் இரண்டு பக்கத்துக்கு மேல் போகவே கூடாது. வழக்கின் கதை வேண்டாம். எந்தத் தேதியில் தீர்ப்பு, பிழை எந்தப் பக்கத்தில் எந்தப் பத்தியில், இப்போது எப்படி இருக்கிறது, எப்படி இருக்க வேண்டும், அதற்குச் சான்று கோப்பில் எந்த ஆவணம் என்பது மட்டும் போதும். பிழைகள் ஒன்றுக்கு மேல் இருந்தால் ஐந்து கட்டம் போட்ட ஓர் அட்டவணை மிக உதவும். கோரிக்கையை இப்படி எழுதலாம்: ‘தீர்ப்புரையின் 7-ஆம் பத்தி நான்காம் வரியிலும், தீர்ப்பாணையின் சொத்து விவரத்திலும் சர்வே எண் 214/3பி என்று உள்ளதை, வாதி தரப்புச் சான்றாவணம் 1-இல் உள்ளபடி 241/3பி என்று திருத்தி உத்தரவிட வேண்டுகிறேன்.’ ‘தக்க திருத்தங்கள் செய்யும்படி’ என்று பொத்தாம் பொதுவாகக் கேட்டால் குறைகளைக் குறித்த செக் ஸ்லிப்போடு திரும்பும், அல்லது அதைவிட மோசமாக, உத்தரவும் அதே மாதிரி பொத்தாம் பொதுவாக வரும். அலுவலகம் எதைத் திருத்துவது என்று தெரியாமல் மறுபடி ஒரு மனுக் கேட்கும். ‘நீதிமன்றம் கவனக்குறைவாக’ என்ற வார்த்தையும் வேண்டாம். ‘தட்டச்சில் நேர்ந்துள்ளது’ என்றால் போதும்.

எதிர்த்தரப்புக்கு அறிவிப்பு போக வேண்டும். அவர்களுடைய வக்கீலிடம் முன்கூட்டியே நகலைக் கொடுத்து ‘ஆட்சேபணை இல்லை’ என்று குறிப்பெழுதி வாங்கிவிட்டால், முதல் வாய்தாவிலேயே உத்தரவு கிடைக்க வாய்ப்பு உண்டு. எதிர்த்தரப்பு ஆஜராகாமல் ஒருதலைப்பட்சமாகத் தீர்ப்பான வழக்குகளிலும் அறிவிப்பு அனுப்புவது நல்லது. அறிவிப்பே இல்லாமல் வாங்கிய திருத்தத்தைப் பின்னால் எதிர்த்தரப்பு உயர் நீதிமன்றத்தில் உடைத்துவிட்டால் எல்லாம் பழையபடி ஆகிவிடும்.

உத்தரவு வந்தவுடன் வேலை முடிந்தது என்று நினைப்பதுதான் இந்தச் சேவையில் மிகப் பரவலான ஏமாற்றம். ‘மனு அனுமதிக்கப்படுகிறது’ என்பது அனுமதி மட்டும்தான். மூல தீர்ப்பாணையில் திருத்தம் ஏறி, உத்தரவின் எண்ணும் தேதியும் குறிக்கப்பட்டு, நீதிபதியின் கையொப்பம் விழுந்த பிறகு புதிய நகல் மனுப் போட்டு வாங்க வேண்டும். அந்தக் குறிப்பு இல்லாமல் மையால் அடித்து எழுதிய நகலைச் சார்பதிவாளர் வாங்க மாட்டார், வாங்கவும் கூடாது. தெரிந்த குமாஸ்தாவிடம் சொல்லி ஓர் எழுத்தைச் சரிசெய்துகொள்ளலாம் என்று யாராவது சொன்னால் அந்தப் பக்கமே போகாதீர்கள். அது ஆவணத்தைத் திரித்த குற்றமாக முடியும்.

தாமதம் எங்கே வருகிறது என்றால், பெரும்பாலும் வழக்குக் கட்டு (மூலக் கோப்பு) வந்துசேர்வதில்தான். வழக்கு முடிந்தபின் கட்டு ஆவணக் காப்பகத்துக்குப் போய்விடும். மேல்முறையீடு இருந்தால் மேல் நீதிமன்றத்துக்கு. கட்டு வராமல் நீதிபதி ஒப்பிட்டுப் பார்க்க முடியாது. மனுவோடு நம்மிடம் உள்ள வழக்குரை நகல், ஆவண நகல் எல்லாவற்றையும் சேர்த்துக் கொடுத்தாலும், மூலத்தைப் பார்க்காமல் கையெழுத்திடத் தயங்குவார்கள். அந்தத் தயக்கம் நியாயமானதுதான். மனுத் தாக்கல் செய்யும் அன்றே, கட்டு எங்கே இருக்கிறது என்று விசாரித்து, வரவழைக்கும் குறிப்பையும் கேட்டுவிட்டால் ஒரு வாய்தா மிச்சமாகும்.

மேல்முறையீட்டு நீதிமன்றம் தகுதி அடிப்படையில் தீர்ப்பு சொல்லிவிட்டால், கீழ்த் தீர்ப்பாணை அதோடு இணைந்துவிடும். திருத்தத்தையும் அங்கேதான் கேட்க வேண்டும். மேல்முறையீடு ஆரம்பத்திலேயே 41-ஆவது கட்டளை 11-ஆவது விதியின்கீழ் தள்ளுபடி ஆகியிருந்தால், 153-ஏ பிரிவின்படி முதல் நீதிமன்றத்திடமே கேட்கலாம். எங்கே போவது என்று தெரியாமல் இரண்டு நீதிமன்றங்களுக்கு நடுவே அலைய விடுவது இந்தச் சேவையின் பலவீனங்களில் ஒன்று.

கெடு ஓடிக்கொண்டே இருக்கும்

தீர்ப்பில் நமக்கு எதிரான பகுதியும் இருக்கிறது, எழுத்துப் பிழையும் இருக்கிறது என்றால், திருத்தம் வரட்டும், பிறகு மேல்முறையீடு என்று உட்காரக் கூடாது. மாவட்ட நீதிமன்றத்துக்கோ சார்பு நீதிமன்றத்துக்கோ போகும் மேல்முறையீட்டுக்கு 30 நாள், உயர் நீதிமன்றத்துக்கு 90 நாள். நகல் எடுக்க ஆன நாள்கள் மட்டும்தான் இதில் கழியும். திருத்த மனு நிலுவையில் இருந்த நாள்கள் தானாகக் கழியாது. இரண்டையும் ஒரே நேரத்தில் நடத்துங்கள். தீர்ப்பாணையை நிறைவேற்றும் 12 ஆண்டுக் கெடுவும் அப்படித்தான். திருத்திய தேதியிலிருந்து புதிதாகத் தொடங்கும் என்று நம்பி இருந்துவிடாதீர்கள்.

நடுவர் தீர்ப்பாயம் (ஆர்பிட்ரேஷன்) இதில் மேல். 1996-ஆம் ஆண்டு நடுவர் சட்டத்தின் 33-ஆவது பிரிவில், தீர்ப்பு கைக்கு வந்த 30 நாளுக்குள், எதிர்த்தரப்புக்கும் அறிவித்துவிட்டு, கணக்குப் பிழை, தட்டச்சுப் பிழைகளைத் திருத்தக் கேட்கலாம். நடுவர் ஒப்புக்கொண்டால் 30 நாளுக்குள் திருத்தித் தர வேண்டும். முக்கியமாக, அப்படிக் கேட்டிருந்தால், தீர்ப்பை ரத்து செய்யக் கோரும் மூன்று மாதக் கெடு அந்தக் கோரிக்கை முடிந்த தேதியிலிருந்துதான் ஓடும். சிவில் நடைமுறைச் சட்டத்திலும் இப்படி ஒரு வரி இருந்தால் எத்தனையோ மேல்முறையீடுகள் கெடு தவறிச் சாகாமல் இருக்கும். நுகர்வோர் ஆணையத்தில் 2019-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 40-ஆவது பிரிவில் மாவட்ட ஆணையமே, முகப்பிலேயே தெரியும் பிழைக்காகத் தன் உத்தரவைச் சீராய்வு செய்யலாம், ஆனால் மனு 30 நாளுக்குள் போக வேண்டும். ‘எந்த நேரத்திலும்’ என்ற சிவில் பழக்கத்தில் அங்கே போனால் கதவு மூடியிருக்கும்.

உயர் நீதிமன்றமும் உச்ச நீதிமன்றமும்

இந்தச் சேவை நன்றாக நடக்கும் இடம் என்று உயர் நீதிமன்றத்தைச் சொல்லலாம். சென்னையிலும் மதுரை அமர்விலும் சின்னத் தட்டச்சுப் பிழைக்குத் தனி மனுகூடப் பல நேரம் தேவைப்படுவதில்லை. பிழையைக் குறிப்பிட்டுப் பதிவகத்துக்கு ஒரு கடிதம், எதிர்த்தரப்பு வக்கீலுக்கு ஒரு நகல். வழக்கு ‘ஃபார் பீயிங் மென்ஷன்ட்’ (நீதிபதியின் கவனத்துக்குக் கொண்டுவர) என்ற தலைப்பில் பட்டியலில் வரும். நீதிபதி பார்த்து, ‘நான்கு வாரம்’ என்பதை ‘நான்கு மாதம்’ என்று திருத்தச் சொல்லி, புதிய நகல் வழங்க உத்தரவிட்டுவிடுவார். முடிவையே மாற்றச் சொல்லும் காரியத்துக்கு இந்த வழியைப் பயன்படுத்தினால் நீதிபதி முகம் சுளிப்பார். சீராய்வு மனுப் போடச் சொல்லி அனுப்பிவிடுவார்.

உச்ச நீதிமன்றத்தில் 2013-ஆம் ஆண்டு விதிகளின் 12-ஆவது கட்டளை, 3-ஆவது விதி இதற்கு இடம் தருகிறது. அங்கே ‘பல்வகை மனு’ என்ற பெயரில் சீராய்வையே மாறுவேடத்தில் கொண்டுவருவது பெருகியதால் நீதிபதிகள் கடுமையாகிவிட்டார்கள். 2024 மார்ச்சில், ராஜஸ்தான் மின் விநியோக நிறுவனத்துக்கு எதிராக அதானி பவர் தாமதக் கட்டணம் கேட்டுப் போட்ட அத்தகைய மனு 50,000 ரூபாய் செலவுத்தொகையோடு தள்ளுபடி ஆனது. உண்மையான எழுத்துப் பிழைக்குப் போகிறவர்களுக்கு இதில் பயப்பட ஒன்றும் இல்லை. மனுவின் முதல் பத்தியிலேயே, இது முடிவை மாற்றக் கேட்கவில்லை என்பது பளிச்சென்று தெரிய வேண்டும்.

குற்ற வழக்கில்

இங்கேதான் பிழையின் விலை மிக அதிகம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 362-ஆவது பிரிவு, 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 403-ஆவது பிரிவாக இருக்கிறது. கையெழுத்திட்ட தீர்ப்பை எழுத்துப் பிழை, கணக்குப் பிழை தவிர வேறு எதற்கும் மாற்றக் கூடாது என்பதே அதன் சாரம். சிவில் பக்கம் இருப்பதுபோல ‘தற்செயல் விடுபடல்’ என்ற சொல் இங்கே இல்லாததைக் கவனிக்க வேண்டும். இரண்டு குற்றங்களுக்குத் தனித்தனித் தண்டனை விதித்துவிட்டு, ஏக காலத்தில் அனுபவிக்கலாம் என்று சொல்லாமல் விட்டிருந்தால், எழுத்துப் பிழை என்று சொல்லி அதைச் சேர்க்க முடியாது. மேல்முறையீட்டில்தான் கேட்க வேண்டும். தீர்ப்பில் ஏக காலம் என்று இருந்து சிறைக்குப் போன வாரண்டில் விடுபட்டிருந்தால், விசாரணைக் கைதியாக இருந்த நாள்களின் தேதி வாரண்டில் மாறியிருந்தால், உடனே திருத்தி வாங்கலாம், வாங்க வேண்டும்.

ஜாமீன் உத்தரவில் சிறை அலுவலகம் பார்ப்பது பெயர், தகப்பனார் பெயர், காவல் நிலையம், குற்ற எண், சட்டப் பிரிவுகள். இவற்றில் ஒன்று பிசகினாலும் ஆளை வெளியே விட மறுப்பார்கள். உத்தரப் பிரதேசத்தில், உச்ச நீதிமன்றமே 2025 ஏப்ரல் 29 அன்று ஜாமீன் கொடுத்த ஒருவரை, உத்தரவில் ஒரு பிரிவின் உட்பிரிவு குறிப்பிடப்படவில்லை என்று காரணம் காட்டி, மே 27-இல் விடுதலை உத்தரவு போன பிறகும் காசியாபாத் சிறை வைத்திருந்தது. ஜூன் 24-ஆம் தேதிதான் விட்டார்கள். இப்படி ஒன்றுக்கும் உதவாத நுணுக்கத்தைச் சாக்காக வைத்து ஒருவரின் சுதந்திரத்தைப் பறிக்கக் கூடாது என்று கண்டித்த உச்ச நீதிமன்றம், மாநில அரசு 5 லட்சம் ரூபாய் இடைக்கால இழப்பீடு தர வேண்டும் என்று உத்தரவிட்டது. இந்த உத்தரவை எல்லாச் சிறை வாசலிலும் ஒட்டி வைக்க வேண்டும். ஆனாலும், உத்தரவு பதிவேறிய அன்று மாலையே குற்ற எண்ணையும் பிரிவுகளையும் முதல் தகவல் அறிக்கையோடு ஒப்பிட்டுப் பார்த்து, பிசகு இருந்தால் மறுநாள் காலை நீதிமன்றம் கூடியதும் மென்ஷன் பண்ணிவிடுங்கள். ஜாமீன்தாரர்களோடு சிறை வாசலுக்குப் போன பிறகு பார்த்தால், வெள்ளிக்கிழமை தெரிந்த பிழை திங்கட்கிழமை வரை காத்திருக்கும். உத்தரவுகள் இப்போது மின்னஞ்சலில் சிறைக்குப் போகின்றன. திருத்திய உத்தரவும் அதே வழியில் போனதா என்று தனியாகக் கேட்டு உறுதி செய்துகொள்ள வேண்டும். பழையதுதான் அவர்கள் கோப்பில் கிடக்கும்.

திருத்த மனு மறுக்கப்பட்டால் சிவில் பக்கம் நேரடி மேல்முறையீடு கிடையாது. மேல்முறையீடு செய்யக்கூடிய உத்தரவுகளைச் சொல்லும் 43-ஆவது கட்டளையின் பட்டியலில் 152-ஆவது பிரிவு இல்லை. உயர் நீதிமன்றத்தில் சிவில் சீராய்வு மனு (சி.ஆர்.பி.; மேலே சொன்ன சீராய்வு வேறு), பெரும்பாலும் அரசியலமைப்பின் 227-ஆவது பிரிவின் கீழ், போட வேண்டியிருக்கும். அந்த அளவுக்குப் போக வேண்டிய பிழை உண்மையிலேயே எழுத்துப் பிழைதானா என்று இன்னொரு வக்கீலிடம் காட்டிக் கேட்டுவிட்டுப் போவது பணத்தை மிச்சப்படுத்தும்.

கடைசியாக, இணையப் பிரதி. இ-கோர்ட்ஸ் தளத்தில் வழக்கின் தனி அடையாளமான, எழுத்தும் இலக்கமுமாக 16 இடங்கள் கொண்ட சி.என்.ஆர். எண்ணைப் போட்டுப் பார்த்தால் பழைய தீர்ப்பே கிடப்பதைப் பல நேரம் காணலாம். திருத்த உத்தரவு தனி மனுவின் கீழ் வேறு கோப்பாக இருக்கும். வங்கியும் கடன் நிறுவனமும் சொத்தை வாங்க வருகிறவரும் முதலில் பார்ப்பது அந்தப் பழைய பிரதியைத்தான். திருத்திய தீர்ப்பாணையின் நகலை வைத்து, பதிவேற்றத்தையும் மாற்றும்படி நீதிமன்றத்தின் கணினிப் பிரிவுக்கு ஒரு மனு கொடுத்துவிட்டு, பத்து நாள் கழித்து அதே எண்ணைத் தட்டிப் பாருங்கள். தனியார் சட்டத் தளங்கள் எடுத்து வைத்திருக்கும் நகல் தானாக மாறாது. அவர்களுக்கும் திருத்த உத்தரவை இணைத்துத் தனியாக எழுத வேண்டும்.